ஞாயில் முதல் பதுங்குகுழி வரை: தமிழில் போர்ச்சொற்கள்

போன குளிர்காலத்தில், பனி கொட்டி வெளியே போக முடியாத ஒரு சனிக்கிழமை, என் ஏழு வயது மகன் பிளாஸ்டிக் கட்டைகளை அடுக்கிக் கோட்டை கட்டினான். நான்கு மூலையிலும் கோபுரம், நடுவில் வாசல், சுவரின் உச்சியில் பல்வரிசை போல ஒரு கட்டை விட்டு ஒரு கட்டை. "அப்பா, இந்தப் பல்லுக்குத் தமிழ்ல என்ன?" என்று கேட்டான். டொரொண்டோவில் வளரும் பிள்ளை தானாகத் தமிழ்ச்சொல் ஒன்றைக் கேட்பது எங்கள் வீட்டில் அடிக்கடி நடப்பதில்லை. எனக்குப் பதில் தெரியவில்லை. கிடைத்த வாய்ப்பைக் கோட்டை விட்டேன் என்றுதான் சொல்ல வேண்டும். அப்படிச் சொல்லும்போதே, வாய்ப்பை நழுவ விடுவதற்கு நாம் வைத்திருக்கும் வழக்கே ஒரு போர்ச்சொல்தான் என்பதும் உறைத்தது.

அன்றிரவு தமிழ் லெக்சிகனைத் துழாவியதில் விடை கிடைத்தது. ஞாயில். மதிலின் மேல், வீரன் மறைந்து நின்று அம்பெய்வதற்காக அமைத்த உறுப்பு. சங்கப் பாடல்களிலும் சிலப்பதிகாரத்திலும் வரும் சொல். நான் படித்தது பொறியியல் முதுகலை, பிழைப்பு மென்பொருளில். இலக்கியம் முறையாகக் கற்றவனல்ல. ஆனால் ஒரு சொல் கிடைத்தால் அதன் சுற்றத்தையெல்லாம் தேடிப் பட்டியல் போடும் பழக்கம் உண்டு. கோட்டை, ஆயுதம், படைப்பயிற்சி சார்ந்த சொற்களைத் தொகுக்கத் தொடங்கினேன். சொல், பொருள், காலம், வந்த வழி, வகை என்று ஐந்து பத்திகள் கொண்ட ஒரு அட்டவணை. அதில் தேறியவற்றைத் தமிழ் வாசகர்களோடு பகிர்ந்துகொள்ளவே இந்தக் கட்டுரை. கடைசிப் பத்தியான 'வகை' என்னை எங்கே கொண்டுபோய் விட்டது என்பதைக் கட்டுரையின் இறுதியில் சொல்கிறேன்.

மதிலும் அதற்கு வெளியேயும்

கோட்டை என்றதும் நமக்குச் சுவர்தான் நினைவுக்கு வருகிறது. பழந்தமிழில் அரண் என்பது சுவரோடு முடிவதில்லை. வள்ளுவர் அரணுக்கென்று ஒரு தனி அதிகாரமே வைத்திருக்கிறார் (75ஆம் அதிகாரம்). அதில் தெளிந்த நீர், வெட்டவெளி நிலம், மலை, நிழலடர்ந்த காடு என்ற நான்கையும் அரண் என்கிறார். மனிதன் கட்டியது இந்த நான்கில் ஒன்றுகூட இல்லை என்பதைக் கவனியுங்கள். அடுத்த குறளில்தான் மதிலுக்கு வருகிறார். உயரம், அகலம், உறுதி, நெருங்க முடியாமை என்று நான்கு தேவைகள். இன்றைக்கு நாங்கள் ஒரு மென்பொருளுக்கு எழுதும் தேவைப் பட்டியலைவிடச் சுருக்கம்.

வெளியிலிருந்து உள்ளே வருவோம். முதலில் மிளை, அதாவது காவற்காடு. வெட்டக்கூடாத, வழி தெரியாதவன் புக முடியாத முட்காடு. எதிரியின் காவல்மரத்தை வெட்டுவதும் காவற்காட்டை அழிப்பதும் புறநானூற்றில் பெரிய வெற்றிகளாகப் பேசப்படுவது இதனால்தான். அடுத்து அகழி. அதற்கு இன்னொரு பெயர் கிடங்கு. தமிழ்நாட்டில் கிடங்கு என்றால் நெல் மூட்டை அடுக்கும் இடம். சங்க நூல்களில் அது முதலை கிடக்கும் நீர்ப்பள்ளம்.

அதற்கும் உள்ளே சுவர். மதில், எயில், இஞ்சி, புரிசை என்று நான்கு சொற்களாவது புழங்கியிருக்கின்றன. இஞ்சி என்று தட்டச்சு செய்தால் தேடுபொறி எனக்குக் கஷாயம் வைக்கும் முறையைக் காட்டியது. அதைக் குற்றம் சொல்ல முடியாது. கதவுக்கு வலுச்சேர்க்கக் குறுக்கே போடும் மரம் எழு. நிலத்தில் இறங்கிப் பதியும்படி விடும் மரம் சீப்பு. இன்று சீப்பு தலைவாரத்தான்.

மதில்மேல் இருந்த பொறிகள்

பொறியியல் படித்தவன் என்ற முறையில் என்னை மிகவும் கவர்ந்த பகுதி இது. பொறி என்ற சொல்லை இன்று பொறியாளர், தேடுபொறி, பொறியியல் கல்லூரி என்று அமைதியான இடங்களில் பயன்படுத்துகிறோம். சிலப்பதிகாரத்தின் மதுரைக் காண்டத்தில் பொறி என்றால் மதில்மேல் வைத்த கொலைக்கருவி. மதுரைக் கோட்டையின் மேல் என்னென்ன இருந்தன என்று இளங்கோவடிகள் சில அடிகளில் அடுக்குகிறார். அரும்பதவுரைகாரரும் அடியார்க்கு நல்லாரும் ஒவ்வொன்றும் என்ன செய்யும் என்று விளக்கியிருக்கிறார்கள். சிலவற்றைப் பார்ப்போம்.

வளைவிற்பொறி: தானே வளைந்து அம்பெய்யும் இயந்திர வில்.

கருவிரல் ஊகம்: கருங்குரங்கு வடிவில் இருந்து, நெருங்கியவரைக் கடிக்கும் பொறி.

கவண்: கல் வீசுவது. அதற்குக் கல் நிரப்பிவைக்கும் கூடையும் தனியே பட்டியலில் உண்டு.

தூண்டில்: அகழியைக் கடந்து மதிலைப் பற்றுபவரைக் கொக்கியில் மாட்டி இழுப்பது.

தொடக்கு: கழுத்தில் பூட்டி முறுக்கும் சங்கிலி.

கவை: ஏறி வருபவரைத் தள்ளிவிடும் இரும்புக் கவட்டை.

கைபெயர் ஊசி: மதிலின் உச்சியைப் பிடித்த கையைக் குத்திப் பெயர்ப்பது.

சிரல்: மீன்கொத்தி வடிவில் பாய்ந்து கண்ணைக் கொத்துவது.

பன்றி: உச்சிக்கு ஏறியவரின் உடலைக் கொம்பால் கிழிக்கும் இரும்புப் பன்றி.

இவற்றோடு காய்ச்சிய நெய், உருக்கிய உலோகம் கொதிக்கும் உலை, ஐயவித் துலாம் என்று பட்டியல் நீள்கிறது. ஐயவித் துலாத்துக்கு உரைகாரர்கள் ஒன்றுக்கு மேற்பட்ட விளக்கம் தருகிறார்கள். வாயிலை எவரும் அணுகாதபடி காப்பது என்பது மட்டும் பொது.

இதில் ஓர் ஒழுங்கு இருப்பது இரண்டாம் முறை படித்தபோது புலப்பட்டது. தொலைவில் இருப்பவனுக்கு வில்லும் கவணும். அகழியைத் தாண்டியவனுக்குத் தூண்டில். ஏறுபவனுக்குக் கவை. உச்சியைப் பிடித்தவனுக்கு ஊசி. மேலே வந்தே விட்டவனுக்குப் பன்றி. ஒன்று தவறினால் அடுத்தது என்று அடுக்கடுக்காகக் காக்கும் முறை. இன்று வலைப்பின்னல் பாதுகாப்பு பற்றி எங்களுக்கு வகுப்பெடுப்பவர்கள் சொல்வதும் இதையேதான். இந்தப் பொறிகளில் எத்தனை மெய்யாக இயங்கின, எத்தனை கவிஞரின் கற்பனை என்பது வேறு கேள்வி. ஆனால் முற்றுகையைப் படிப்படியாக யோசித்தவர்களின் மொழி இது என்பதில் ஐயமில்லை.

கைப்படைகள்

கையில் ஏந்தும் ஆயுதங்களில் வேல்தான் தலையாயது. எஃகு என்ற சொல்லும் சங்க நூல்களில் வேலையோ வாளையோ குறிக்கும். இன்று நமக்கு அது உலோகத்தின் பெயர். வில்லுக்குச் சிலை, அம்புக்குக் கணை. கேடயத்துக்குத் தோல், பலகை, கிடுகு என்று மூன்று பெயர்கள். பட்டினப்பாலையில் கிடுகுகளை வரிசையாக நிறுத்தி வேல்களை ஊன்றிய நடுகல் காட்சி ஒன்று உவமையாக வருகிறது. கிடுகை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கிடங்கையும்தான். இரண்டும் பின்னால் வேறு இடத்தில் வரும்.

ஆயுதங்களைப் பற்றிச் சங்க காலத்தில் எழுந்த கூர்மையான பேச்சு ஒளவையாருடையது (புறநானூறு 95). அதியமானுக்காகத் தொண்டைமானிடம் தூது போன இடத்தில் அவன் தன் ஆயுதக் கொட்டிலைக் காட்டுகிறான். மயிற்பீலி சூட்டி, நெய் பூசி, காவலோடு வைத்த படைக்கலங்கள். ஒளவை அவற்றைப் புகழ்வதுபோலவே பேசி, எங்கள் அரசனின் வேல்களோ நுனி முறிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன என்கிறார். பளபளக்கும் ஆயுதம் பயன்படாத ஆயுதம் என்பது அதன் உட்பொருள். அந்தத் தூதின் நோக்கம் போரைத் தவிர்ப்பது என்பார்கள். எதிரியின் ஆயுதச் சாலைக்குள் நின்றுகொண்டு ஒரு பெண் சொல்லால் மட்டும் அதைச் செய்யப் பார்த்திருக்கிறார்.

போரின் கட்டங்களுக்குத் தமிழர் வைத்த பெயர்கள் எல்லோருக்கும் தெரிந்தவைதான். ஆநிரை கவர்தல் வெட்சி, படையெடுத்துச் செல்லுதல் வஞ்சி, கோட்டையை முற்றுவது உழிஞை, எதிரெதிர் பொருதல் தும்பை, வெற்றி வாகை. தொல்காப்பியத்தில் புறத்திணை ஏழு. உழிஞைக்குள்ளேயே முற்றுவோனும் காப்போனும் அடங்கிவிடுகிறார்கள். பிற்காலத்து ஐயனாரிதனாரின் புறப்பொருள் வெண்பாமாலையில் திணை பன்னிரண்டு. மதில் காப்பது நொச்சி என்று தனித் திணையாகப் பிரிகிறது. உள்ளே இருந்து காப்பவனுக்குத் தனிப்பெயர் தேவைப்பட்டிருக்கிறது.

பயிற்சிக் களம்

படைப்பயிற்சிக்கான சொற்கள் ஆயுதச் சொற்களைவிடக் குறைவாகவே கிடைக்கின்றன. பட்டினப்பாலையில் முரண்களரி வருகிறது, வலிமை காட்டி மோதும் களம். மற்போரும் ஒரு பயிற்சிதான். போரவைக் கோப்பெருநற்கிள்ளி ஆமூர் மல்லனோடு மோதியதைச் சாத்தந்தையார் பாடியிருக்கிறார் (புறநானூறு 80). போர் முனையில் படை தங்கும் இடம் பாசறை.

பாசறையைக் கண்ணால் பார்க்க வேண்டுமென்றால் முல்லைப்பாட்டைப் படிக்க வேண்டும். காட்டை அழித்து, முள்வேலி போட்டு, தழையால் வேய்ந்த குடிசைகள் அமைத்த படைவீடு. அதில் ஒரு சிறு காட்சி. பாகர்களான இளைஞர்கள், கரும்பையும் தழையையும் உண்ணாமல் நிற்கும் யானையை வடமொழிச் சொற்கள் சொல்லிப் பழக்கி உண்ண வைக்கப் பார்க்கிறார்கள். ஆக, யானைப்பயிற்சியின் கட்டளைகள் அந்தக் காலத்திலேயே வேறு மொழியிலிருந்து வந்திருக்கின்றன. பயிற்சி கொடுப்பவனின் மொழி பயிற்சியோடு ஒட்டிக்கொண்டு வந்துவிடுகிறது. அதே பாசறையில் அரசன் தூங்காமல், காயம்பட்ட யானைகளையும் இறந்துபோன வீரர்களையும் நினைத்துக்கொண்டிருக்கிறான் என்பதையும் அதே பாட்டு சொல்கிறது.

பதினெட்டாம் நூற்றாண்டுக்கு வந்தால் இது இன்னும் தெளிவாகும். கவாத்து என்ற சொல் விதிகள் என்று பொருள்படும் அரபுச் சொல்லிலிருந்து உருது வழியாக வந்தது. (மல்லிகைச் செடியைக் கவாத்து செய்வது என்ற தோட்டக்கலைச் சொல்லும் இதே எழுத்துகளில் இருப்பதால், என் அட்டவணையில் கொஞ்ச நாள் படைவீரர்களோடு மல்லிகையும் நின்றது.) சிப்பாய் பாரசீகத்திலிருந்து வந்தது. கும்பினி ஆங்கிலத்திலிருந்து. கூலி கொடுப்பவன் மாற மாறச் சொற்களும் மாறின.

கவாத்தும் சீருடையும் வெறும் ஒழுங்கல்ல என்பதற்கு வேலூர் சாட்சி. 1806இல் கும்பினியின் சென்னைப் படையில் புதிய விதிகள் வந்தன. தோல் குஞ்சம் வைத்த புதுத் தலைப்பாகை அணிய வேண்டும், நெற்றியில் சமயக்குறி கூடாது, கடுக்கன் கூடாது, தாடி வைக்கக்கூடாது. அந்த ஆண்டு ஜூலை 10ஆம் நாள் அதிகாலை வேலூர்க் கோட்டைக்குள் இருந்த சிப்பாய்கள் எழுந்தார்கள். அகலமான அகழியும் கருங்கல் மதிலும் கொண்ட கோட்டை உள்ளிருந்தே சில மணி நேரத்தில் விழுந்தது. அன்று காலையே ஆற்காட்டிலிருந்து வந்த குதிரைப்படை பீரங்கியால் கதவைத் தகர்த்து உள்ளே புகுந்தது. பெருங்கொலையில் முடிந்தது.

பீரங்கி வந்த பிறகு

இங்கே ஒரு சிறு வேடிக்கை. என் நிரலில் துப்பாக்கி என்ற சொல்லைப் பழைய நூல்களில் தேடச் சொன்னேன். திருக்குறள், 12ஆம் குறள் என்று விடை வந்தது. வள்ளுவர் கையில் துப்பாக்கி! அது மழையைப் பற்றிய குறள். துப்பு என்றால் உணவு. உணவாக ஆக்கி என்பதுதான் அங்கே பொருள். சுடுகின்ற துப்பாக்கியோ துருக்கிய மொழியில் பிறந்து, உருதுவும் தெலுங்கும் வழியாக நம்மிடம் வந்த சொல். எழுத்து ஒன்று, ஒன்று சோறு, மற்றது சாவு. கணினிக்கு இரண்டும் ஒன்றுதான்.

பீரங்கியின் கதை இன்னும் சுவையானது. ஐரோப்பியரைப் பாரசீகத்தில் ஃபிரங்கி என்றார்கள். அதே வேரிலிருந்து நமக்குப் பறங்கியும் வந்தது, பீரங்கியும் வந்தது. கொண்டுவந்தவன் பெயரே கருவிக்கும் ஆயிற்று. பறங்கிமலையில் கும்பினியின் சென்னைப் பீரங்கிப்படை நெடுங்காலம் இருந்தது. இந்திய ராணுவ அதிகாரிகளுக்கான பயிற்சி நிலையம் 1963 முதல் அங்கேதான் இருக்கிறது. பறங்கியும் பீரங்கியும் பயிற்சியும் ஒரே மலையடியில்.

பீரங்கி வந்ததும் கோட்டையின் வடிவமே மாறியது. அதுவரை மதிலுக்கு உயரம்தான் பெருமை. ஏணியும் யானையும் வரும்போது உயரம் காக்கும். இரும்புக் குண்டு வரும்போது உயரமான மெல்லிய சுவர் நல்ல குறிப்பொருளாகிவிடும். எனவே மதில் தாழ்ந்தது, தடித்தது, பின்னால் மண் நிரப்பப்பட்டது. மூலைகளில் கொத்தளங்கள் முன்னே துருத்திக்கொண்டு வந்தன. நேர்ச்சுவரின் அடியில் ஒட்டி நிற்பவனை மேலிருந்து பார்க்க முடியாது. பக்கத்துக் கொத்தளத்திலிருந்து பார்க்கலாம், சுடலாம். ஐந்து கொத்தளங்களை ஐந்து மூலையில் வைத்தால் கண்ணுக்குத் தப்பும் இடமே இருக்காது. யாழ்ப்பாணக் கோட்டையின் ஐங்கோண வடிவத்துக்குப் பின்னால் இருப்பது இந்தக் கணக்குதான். போர்த்துக்கீசர் கட்டியதை 1658இல் பிடித்த ஒல்லாந்தர் அதை அப்படி மாற்றிக் கட்டினார்கள்.

இதற்கு நேர்மாறான விடை பாஞ்சாலங்குறிச்சி. அது மண்கோட்டை. கருங்கல் பிளக்கும், தடித்த மண்சுவர் குண்டை விழுங்கிக்கொள்ளும். 1799இல் கட்டபொம்மன் தூக்கிலிடப்பட்டு, கோட்டையும் இடிக்கப்பட்டது. 1801இல் சிறையிலிருந்து தப்பிய ஊமைத்துரையும் அவர் ஆட்களும் அதை மீண்டும் எழுப்பிக் கும்பினிப் படையைப் பல வாரங்கள் தடுத்து நிறுத்தினார்கள். அந்தப் போரில் இருந்த ஜேம்ஸ் வெல்ஷ் என்ற ஆங்கிலேய அதிகாரி தன் நினைவுக்குறிப்பில், வளரி வீசத் தனக்குக் கற்றுக்கொடுத்தவர் சின்ன மருது என்று எழுதியிருக்கிறார். அதே ஆண்டு அக்டோபரில் திருப்பத்தூரில் சின்ன மருது தூக்கிலிடப்பட்டார். கற்றுக்கொடுத்தவருக்கும் கற்றவருக்கும் நடுவே ஒரு போர்.

இந்தச் சொற்கள் எல்லாம் போய்விட்டனவா என்றால், தெருவில் இறங்கி நடந்து பாருங்கள். பாளையம் என்றால் படை தங்கும் இடம். ராஜபாளையம், மேட்டுப்பாளையம், பாளையங்கோட்டை. தஞ்சாவூரில் கீழ அலங்கம், வடக்கு அலங்கம். அலங்கம் என்றால் கோட்டை மதில். மதுரையில் 1840களில் ஆட்சியர் பிளாக்பர்ன் கோட்டையை இடித்து அகழியைத் தூர்த்தபோது உருவானவை வெளிவீதிகள். அந்த வேலையைச் செய்த மாரட்டும் பெருமாள் மேஸ்திரியும் இரண்டு வீதிகளின் பெயராக இருக்கிறார்கள். கோட்டையின் எச்சமாக விட்டவாசல் நிற்கிறது. பொறிகளை வைத்தவர்கள் பெயர் தெரியாது. இடித்தவர்களின் பெயரில் ஜவுளிக்கடைக்கு வழி கேட்கிறோம்.

ஈழத்துச் சொற்கள்

இதுவரை பார்த்தவை நூலிலும் கல்லிலும் இருந்து எடுத்தவை. அண்மைக் காலத்தில் தமிழில் போர்ச்சொற்கள் பெருமளவு உருவானது இலங்கையில், 1980களிலிருந்து 2009 வரை நடந்த போரில். எறிகணை, உந்துகணை, மிதிவெடி, கண்ணிவெடி, காவலரண், முன்னரங்கு, சுற்றிவளைப்பு, பதுங்குகுழி என்று எண்ணற்றவை. கணை என்ற சங்கச் சொல் எறிகணையில் மீண்டும் உயிர்பெற்றது. பாசறையும் திரும்பி வந்தது. இவற்றோடு செல், பங்கர், சென்றி, ஆமி, பொம்மர் என்று பேச்சில் புழங்கிய கடன்சொற்களும். கிபிர் என்பது 1996இல் இலங்கை விமானப்படைக்கு வந்த இஸ்ரேலிய விமானத்தின் பெயர். வன்னியில் அது குழந்தைக்கும் தெரிந்த தமிழ்ச்சொல் ஆகிவிட்டது. துப்பாக்கிக் குண்டுக்கு ரவை, சன்னம் என்பார்கள். இங்கு வந்த புதிதில், ரவைகள் மீட்கப்பட்டதாக ஒரு செய்தியைப் படித்துவிட்டு, தமிழ்நாட்டுக்காரனான நான் உப்புமா ரவையை ஏன் மண்ணுக்குள் புதைத்தார்கள் என்று யோசித்தது இன்றும் வெட்கமாக இருக்கிறது.

எங்கள் கட்டடத்தில் மூன்றாம் மாடியில் ஓர் அக்கா இருக்கிறார். யாழ்ப்பாணத்தில் பிறந்தவர், பின்பு வன்னியில் வாழ்ந்தவர். என் மகனுக்கு அவர் வீட்டு வடை என்றால் உயிர். ஒருநாள் என் அட்டவணையைக் காட்டி ஈழத்துச் சொற்கள் சரியா என்று பார்க்கச் சொன்னேன். மெதுவாகப் படித்துக்கொண்டே வந்தவர், 'பதுங்குகுழி – வகை: படை' என்ற வரியில் நின்றார்.

"தம்பி, பங்கர் எப்பிடி ஆமிச் சொல்லாகும்? அது எங்கட வீட்டில ஒரு பகுதி எல்லோ. குசினி, கிணறு, பங்கர்."

பிறகு தாளை வாங்கிப் படம் போட்டுக் காட்டினார். முதலில் கிடங்கு வெட்டுவது. (தமிழ்நாட்டில் மூட்டை அடுக்கும் இடமான கிடங்கு, ஈழத்தில் இன்றும் பள்ளம்தான், சங்கத்துக்கு அவர்கள் பேச்சு எத்தனை அருகில் இருக்கிறது!) நேராக வெட்டக்கூடாது, 'ட' எழுத்து மாதிரி வளைத்து வெட்ட வேண்டும். வாசலில் செல் விழுந்தால் சிதறுகிற துண்டுகள் நேராகத்தான் வரும், வளைவில் திரும்பாது. மேலே பனங்குற்றிகளை நெருக்கி அடுக்கி, அதன் மேல் மண்மூட்டை. மழைக்காலத்தில் தண்ணீர் நிற்கும், பாம்பு வரும். அதனால் முதலில் பெரியவர்கள் தடி போட்டுத் தட்டிப் பார்த்து இறங்கி, பிறகு பிள்ளைகளை வாங்கிக்கொள்வார்கள்.

"ஆர் சொல்லித் தந்தது அக்கா?" என்று அவர் பேச்சிலேயே கேட்டேன்.

"ஒருத்தரும் இல்லை. பக்கத்து வீட்டில வெட்டினதைப் பாத்துத்தான். கிபிர் சத்தம் கேட்டா, கிடுகு வேலியைப் பிரிச்சுக்கொண்டு அவையும் எங்கட பங்கருக்குத்தான் வருவினம்."

கிடுகு, சங்க காலத்தில் வீரனின் கேடயம். ஈழத்தில் அது தென்னோலையைப் பின்னி வீட்டைச் சுற்றி அடைக்கும் வேலி. ஒரே சொல். ஒல்லாந்தர் கண்ணுக்குத் தப்பும் இடமே இல்லாதபடி கோணங்களைக் கணக்கிட்டார்கள். இந்த அக்காவின் குடும்பம் கண்ணுக்கும் குண்டுக்கும் தப்பும் ஒரே ஒரு கோணத்தைத் தங்கள் முற்றத்தில் வெட்டிக்கொண்டது. முதுகலையில் இரண்டு ஆண்டு நான் படித்த பொறியியலைவிட அந்த 'ட' சுருக்கமானது.

வகை என்ற பத்தி

அன்றிரவு அட்டவணையைத் திருத்த உட்கார்ந்தேன். பதுங்குகுழியைப் 'படை' என்ற வகையிலிருந்து எடுத்து 'வீடு' என்று மாற்றினேன். மாற்றியதும் மற்ற வரிகள்மேலும் சந்தேகம் வந்தது. அந்த மதுரைப் பட்டியலை மீண்டும் எடுத்துப் படித்தேன். இம்முறை பொறிகளை மட்டும் படிக்காமல், அந்தப் பட்டியல் எங்கே வருகிறது என்று பார்த்தேன்.

அது எந்த முற்றுகையிலும் வரவில்லை. அதில் போரே இல்லை. அந்தக் காதையின் பெயர் அடைக்கலக்காதை. கவுந்தியடிகள் கண்ணகியை மாதரி என்ற இடைக்குல மூதாட்டியிடம் அடைக்கலமாகக் கொடுக்கிறார். பொழுது சாய்கிற நேரம். மாதரி அவளைக் கூட்டிக்கொண்டு காவற்காட்டையும் கிடங்கையும் கடந்து, வில்லும் ஊகமும் பன்றியும் ஞாயிலும் நிற்கும் மதிலின் கீழே நடந்து, வாயிலைத் தாண்டித் தன் வீட்டுக்குப் போகிறாள். இளங்கோ அத்தனை ஆயுதங்களையும் அடுக்கியது இரண்டு பெண்கள் அந்தியில் நடந்து போகும் வழியைச் சொல்வதற்காக. கைபெயர் ஊசி அவர்களைத் தடுக்கவில்லை. அவர்கள் பகைவர் இல்லை. அதே மதுரை சில நாட்களில் எரிந்தது. தீ மதிலுக்கு வெளியிலிருந்து வரவில்லை. பொறிகள் அத்தனையும் வெளியே பார்த்துக்கொண்டிருக்க, உள்ளே அரசவையில் ஒரு தீர்ப்புத் தவறியது.

வள்ளுவர் அரண் அதிகாரத்தை முடிக்கும் இடமும் இதுதான். எத்தனை சிறப்பு இருந்தாலும், உள்ளே இருப்பவர்களின் செயல் சிறப்பாக இல்லையென்றால் அரண் இருந்தும் இல்லாததே என்கிறார்.

இப்போது என் அட்டவணையில் ஆறாவது பத்தி ஒன்று இருக்கிறது. 'யாருடைய சொல்?' என்று அதற்குத் தலைப்பு. ஏந்தியவனுடையதா, அதன் கீழே நடந்தவருடையதா, அதற்கு ஒளிந்தவருடையதா. அகராதிகளில் போர்ச்சொற்கள் பெரும்பாலும் ஏந்தியவன் பக்கத்திலிருந்தே வந்து சேர்கின்றன. கிடங்கை எப்படி வளைத்து வெட்டுவது, எந்தச் சத்தத்துக்கு எத்தனை நொடி இருக்கிறது என்பதெல்லாம் இன்னும் மனிதர்களின் நினைவில்தான் இருக்கின்றன. அந்த மனிதர்கள் டொரொண்டோவிலும் லண்டனிலும் பாரிசிலும் நமக்குப் பக்கத்து வீட்டில் வயதாகிக்கொண்டிருக்கிறார்கள். அவர்களிடம் கேட்டு எழுதி வைக்க ஒரு தாளும் கொஞ்சம் பொறுமையும் போதும். ஆனால் அவர்கள் சொல்ல விரும்பும் அளவுக்கு மட்டுமே கேளுங்கள். அந்த அக்கா படத்தை ஓரிடத்தில் நிறுத்திவிட்டு, தேநீர் போட எழுந்து போனார். நானும் அதற்கு மேல் கேட்கவில்லை.

மகனிடம் மறுநாள் ஞாயில் என்ற சொல்லைச் சொன்னேன். இரண்டு மூன்று முறை சொல்லிப் பார்த்தான், பிடித்துவிட்டது. பிறகு, "இதுக்குள்ள இருக்கறவங்க எங்க ஒளிஞ்சுக்குவாங்க?" என்று கேட்டான். கோட்டைக்கு நடுவே இரண்டு கட்டைகளை எடுத்துவிட்டு ஒரு பள்ளம் செய்தோம். 'ட' வடிவில்.